பல்லில் நெளிவது கிடக்கட்டும், மாமனாரின் சளியைப் பாருங்கள்

கேள்வி: எட்டாம் வகுப்பு படிக்கும் மகனுக்குப் பிறந்தநாள் பரிசாக மைக்ராஸ்கோப் வாங்கிக் கொடுத்தோம். பல் இடுக்கில் சுரண்டி எடுத்ததை அதில் வைத்துப் பார்த்தான், எங்களையும் கூப்பிட்டுக் காட்டினான். புழுப் புழுவாக நெளிகிறது. அன்றிலிருந்து எனக்குத் தூக்கம் இல்லை. வாய்க் கிருமி இதயத்துக்குப் போகும் என்று ஒரு வீடியோவில் வேறு சொன்னார்கள். மருந்துக்கடையில் குளோர்ஹெக்ஸிடின் மவுத்வாஷ் வாங்கி தினம் நான்கு வேளை கொப்பளிக்கிறோம். வீட்டில் மீதம் இருந்த அமாக்ஸிசிலின் என்ற ஆன்டிபயாடிக் மாத்திரையை எல்லோரும் இரண்டு நாள் சாப்பிட்டோம். இப்போது எனக்கு நாக்கில் ருசியே தெரியவில்லை. மூன்று வயது மகளுக்கு முத்தம் கொடுக்கக்கூட பயமாக இருக்கிறது. அவள் தாத்தாவுடன்தான், அதாவது என் மாமனாருடன்தான் படுப்பாள். அவருக்கு ஒரு மாதமாக இருமல். கடையில் கொடுத்த லீவோஃப்ளாக்ஸசின் ஐந்து நாள் சாப்பிட்டதும் நின்றது, இப்போது மறுபடி வந்திருக்கிறது. சாயங்காலம் உடம்பு லேசாகச் சுடுகிறது. பழைய சட்டைகள் தொளதொளத்துவிட்டன. வயதாகிறது அல்லவா? மகன் அடுத்ததாகத் தாத்தாவின் சளியை மைக்ராஸ்கோப்பில் பார்க்க வேண்டும் என்கிறான். விடலாமா?
– பெயர் வெளியிட விரும்பாத வாசகி

பதில்: விடக் கூடாது. ஆனால் அந்தச் சளியை யாராவது பார்த்தே ஆக வேண்டும். அதுவும் இந்த வாரத்துக்குள்.

உங்கள் கடிதத்தை இரண்டு முறை படித்தேன். பல்லில் நெளிந்ததைப் பற்றி ஒரு பக்கம் எழுதியிருக்கிறீர்கள், மாமனாரைப் பற்றி நான்கு வரி. எனக்குத் தூக்கம் கெடுவது அந்த நான்கு வரியால்தான்.

இரண்டு வாரத்துக்கு மேல் இருமல், மாலைக் காய்ச்சல், எடை குறைவு. மூன்றும் சேர்ந்து வந்தால் முதலில் கேட்க வேண்டிய கேள்வி 'காசநோயா?' என்பதுதான். அவருக்குக் காசநோய் என்று நான் சொல்லவில்லை. சர்க்கரை நோய், புகைப்பழக்கம், வேறு நுரையீரல் கோளாறு என்று பல காரணங்கள் இருக்கலாம். ஆனால் காசநோய் இல்லை என்று உறுதி செய்துகொள்ளாமல் அடுத்த காரணத்துக்குப் போவது மருத்துவம் ஆகாது. வயதானால் முடி நரைக்கும், முழங்கால் வலிக்கும். வயது மட்டுமே ஒருவருக்குச் சாயங்காலக் காய்ச்சலைக் கொண்டுவராது.

அந்த ஐந்து நாள் மாத்திரையைப் பற்றித்தான் எனக்குக் கோபம். லீவோஃப்ளாக்ஸசின் காசநோய்க் கிருமியையும் தாக்கும். வழக்கமான மருந்துகளுக்குக் கட்டுப்படாத காசநோய்க்குக் கொடுப்பதற்காக நாங்கள் பத்திரப்படுத்தி வைத்திருக்கும் மருந்துகளில் அதுவும் ஒன்று. ஐந்து நாள் சாப்பிட்டால் கிருமிகளில் ஒரு பகுதி சாகும், இருமல் அடங்கும், வீட்டில் எல்லோரும் நிம்மதி அடைவார்கள். மிச்சம் இருப்பவை மெல்லத் தலைதூக்கும். இடையில் சளியைச் சோதித்தால் 'கிருமி இல்லை' என்று பொய்யான முடிவுகூட வரலாம். அதனால் டாக்டரிடம் போகும்போது அந்த மாத்திரையின் காலி அட்டையை மறக்காமல் கொண்டுபோய்க் காட்டுங்கள். வாயால் சொன்னால் 'ஏதோ இருமல் மாத்திரை' என்றுதான் சொல்வீர்கள்.

இனி மைக்ராஸ்கோப்புக்கு வருவோம். உங்கள் மகன் புதிதாக எதையும் கண்டுபிடித்துவிடவில்லை. அவனுக்கு முன்பே ஒருவர் இதே காரியத்தைச் செய்திருக்கிறார். ஹாலந்தில் டெல்ஃப்ட் என்ற ஊரில் ஆன்டன் வான் லீவன்ஹூக் என்ற துணி வியாபாரி இருந்தார். கல்லூரிப் படிப்பு கிடையாது. மணி அளவுள்ள ஒற்றை லென்ஸைத் தானே தேய்த்து, இரண்டு பித்தளைத் தகடுகளுக்கு நடுவில் பொருத்தி, ஊசி முனையில் பொருளை வைத்துக் கண்ணோடு ஒட்டிப் பிடித்துப் பார்ப்பார். 1683 செப்டம்பரில் தன் பல் இடுக்கில் இருந்த மாவு போன்ற வெள்ளைப் படிவைச் சுரண்டி, மழைத் தண்ணீரில் கலந்து பார்த்தார். ஒரு வகை மீனைப் போல நீரைக் கிழித்துக்கொண்டு பாய்ந்தது, இன்னொரு வகை பம்பரமாய்ச் சுற்றியது. லண்டனில் இருந்த ராயல் சொசைட்டி என்ற அறிவியல் கழகத்துக்கு அதை எழுதி, படமும் வரைந்து அனுப்பினார். இத்தனைக்கும் அவர் தினமும் காலையில் உப்பு வைத்துப் பல் தேய்க்கிறவர், சாப்பிட்டதும் பல் இடுக்கைக் குத்திச் சுத்தம் செய்கிறவர். பிறகு, வாழ்நாளில் பல்லே துலக்காத ஒரு கிழவரைத் தேடிப் பிடித்து அவர் வாயிலும் சுரண்டிப் பார்த்தார். அங்கே திருவிழாக் கூட்டம்.

அவர் உங்களைப் போல பயந்துபோய் மாத்திரை தேடவில்லை. ஒயின் வினிகரால் வாய் கொப்பளித்துப் பார்த்தார். வெளியே எடுத்துப்போட்ட உயிரிகள் வினிகர் பட்டதும் செத்தன. வாய்க்குள் கொப்பளித்தபோதோ படிவின் உள்ளே இருந்தவை சாகவில்லை. மேலே இருப்பவற்றைத் தாண்டி வினிகர் உள்ளே இறங்கவில்லை என்று அப்போதே எழுதிவிட்டார். நீங்கள் நான்கு வேளை கொப்பளிக்கும் மவுத்வாஷுக்கும் இதேதான் கதை. பல்லில் படிந்ததைப் பிரஷ்ஷால் தேய்த்துத்தான் எடுக்க வேண்டும். குளோர்ஹெக்ஸிடினை இப்படி நாள்கணக்கில் கொப்பளித்தால் நாக்கு மரத்து ருசி போகும், பல்லில் பழுப்புக் கறை ஏறும். இன்றே நிறுத்துங்கள், ருசி திரும்பிவிடும்.

வாயில் கிருமி இல்லாத மனிதர் கிடையாது. 700 வகைகளுக்கு மேல் மனித வாய்களில் கண்டறிந்திருக்கிறார்கள். இதயத்துக்குப் போகும் என்று வீடியோவில் சொன்னது, வால்வு பழுதானவர்களுக்கும் செயற்கை வால்வு பொருத்தியவர்களுக்கும் பல் பிடுங்குவதற்கு முன் நாங்கள் சொல்கிற எச்சரிக்கை. அதைத் தலையும் காலும் வெட்டி உங்களுக்குக் காட்டியிருக்கிறார்கள். மகளுக்குத் தாராளமாக முத்தம் கொடுங்கள்.

லீவன்ஹூக் கண்ணால் பார்த்தார். பார்த்ததில் எது நோயைக் கொண்டுவருகிறது என்று நிரூபிக்க மேலும் ஏறக்குறைய 200 வருடம் ஆயிற்று. ஜெர்மனியில் ராபர்ட் கோக் என்ற டாக்டர்தான் அதற்கு விதிகளை வகுத்தார். ஒரு நோய்க்கு ஒரு கிருமிதான் காரணம் என்று சொல்ல வேண்டுமானால், அந்த நோயாளிகளிடம் அதைக் காண வேண்டும், வேறு எதுவும் கலக்காமல் தனியே வளர்க்க வேண்டும், அப்படி வளர்த்ததை ஆரோக்கியமான விலங்குக்குச் செலுத்தினால் அதே நோய் வர வேண்டும், அந்த விலங்கிலிருந்து அதே கிருமியை மறுபடி எடுக்க வேண்டும். கிராமத்தில் திருட்டு நடந்தால் தெருவில் நின்றவனை எல்லாம் பிடித்துக் கட்டிவைப்பார்களே, அப்படிச் செய்யக் கூடாது என்பதற்குத்தான் இத்தனை விதியும். உங்கள் வீட்டில் நடந்தது அந்தக் கட்டிவைப்புதான்.

1882 மார்ச் 24 மாலை, பெர்லினில் ஒரு சிறிய அறையில் கோக் பேசினார். மனிதச் சாவுகளில் ஏழில் ஒன்று காசநோயால் வருவது என்று கணக்குச் சொல்லிவிட்டு, அதற்கான கிருமியைக் காட்டினார். 200க்கும் மேற்பட்ட மாதிரிகளைக் கையோடு கொண்டுவந்திருந்தாராம். பேசி முடித்ததும் கைதட்டலும் இல்லை, கேள்வியும் இல்லை. எல்லோரும் எழுந்துபோய் மைக்ராஸ்கோப்பில் பார்த்தார்கள். அந்தக் கிருமியைப் பிடிக்க அவருக்குத் தேவைப்பட்டது பொறுமை. மற்ற கிருமிகள் ஓரிரு நாளில் வளர்ந்துவிடும், இது இரண்டாவது வாரத்தில்தான் கண்ணுக்குத் தெரிந்தது. குடலில் வாழும் சாதாரணக் கிருமி 20 நிமிடத்தில் இரண்டாகும். காசநோய்க் கிருமிக்கு அதற்கே ஏறத்தாழ ஒரு நாள் வேண்டும். ஐந்து நாள் மாத்திரை ஏன் போதாது, காசநோய்க்கு ஆறு மாத மருந்து ஏன் என்பதில் பாதி இந்த மந்தத்தனத்தில் இருக்கிறது.

உங்கள் மகனின் மைக்ராஸ்கோப்பில் அது தெரியவும் தெரியாது. மாணவனாக இருந்தபோது நான் செய்த வேலை இது. சளியைக் கண்ணாடித் துண்டில் மெல்லியதாகத் தேய்த்து உலர்த்துவோம். சிவப்புச் சாயத்தை ஊற்றி, ஆவி பறக்கும்வரை அடியில் சுடர் காட்டுவோம். பிறகு அமிலம் ஊற்றினால் மற்ற கிருமிகள் எல்லாம் வெளுத்துப்போகும். காசநோய்க் கிருமிக்கு மெழுகுச் சட்டை இருப்பதால் பிடித்த சிவப்பை விடாது. கடைசியில் நீலச் சாயம். நீலப் பரப்பில் மெல்லிய சிவப்புக் கீற்றுகள் இரண்டு, மூன்று தெரிந்தால் போதும். என் விரல் நுனிகள் வாரக்கணக்கில் சிவந்தே இருந்தன. இதை வீட்டுச் சாப்பாட்டு மேசையில் செய்ய முடியாது. செய்ய முயன்றால் பையன் அந்தச் சளித் துளிகளை மூச்சில் இழுப்பான்.

இன்று இதைவிட நல்ல சோதனை இருக்கிறது. அரசு ஆஸ்பத்திரியிலோ ஆரம்ப சுகாதார நிலையத்திலோ சளி கொடுத்தால் சிபிநாட் அல்லது ட்ரூநாட் முறையில் கிருமியின் மரபுப்பொருளையே தேடிப் பார்ப்பார்கள், காசு கிடையாது. முக்கிய மருந்தான ரிஃபாம்பிசினுக்கு அது கட்டுப்படுமா என்பதும் அதிலேயே தெரியும். அவர்கள் கொடுக்கும் மூடி போட்ட டப்பாவில், காலையில் எழுந்ததும் வெறும் தண்ணீரில் வாய் கொப்பளித்துவிட்டு, திறந்த வெளியில் நின்று, நெஞ்சு ஆழத்திலிருந்து காறி எடுக்கச் சொல்லுங்கள். எச்சில் உதவாது. மார்பு எக்ஸ்ரேயும் சர்க்கரையும் பார்த்துவிடுங்கள். 'ரத்தத்திலேயே டிபி பார்த்துச் சொல்கிறோம்' என்று யாராவது ஆன்டிபாடி சோதனைக்குப் பணம் கேட்டால் கொடுக்காதீர்கள். அந்தச் சோதனைகளை அரசு 2012லேயே தடைசெய்துவிட்டது.

முடிவு வரும்வரை மகளை உங்களோடு படுக்க வைத்துக்கொள்ளுங்கள். தாத்தாவின் அறை ஜன்னல் திறந்தே இருக்கட்டும், இருமும்போது துணியால் வாயை மூடிக்கொள்ளட்டும். தட்டு, டம்ளரைப் பிரிக்காதீர்கள். இது காற்றில் வருவது, டம்ளரில் வருவது இல்லை. காசநோய் உறுதியானால் முதல் வேலையாக அந்தக் குழந்தையை டாக்டரிடம் காட்டுங்கள். ஐந்து வயதுக்கு உட்பட்டவர்களுக்கு நோய் வேகமாக ஏறும், அதைத் தடுக்கும் மருந்தும் உண்டு.

பெரியவரை எங்கே அனுப்புவது என்று நீங்கள் கேட்கவில்லை, ஆனால் கேட்கத் தயங்கியிருப்பீர்கள். எங்கும் அனுப்ப வேண்டாம். முன்பெல்லாம் காசநோயாளிகளை ஊருக்கு வெளியே சானடோரியம் என்ற தனி ஆஸ்பத்திரியில் மாதக்கணக்கில் வைத்திருப்பார்கள். சென்னை சேத்துப்பட்டில் 1956இல் தொடங்கிய ஆய்வு மையத்தில், நோயாளிகளில் ஒரு பாதியைச் சானடோரியத்திலும் மறுபாதியை அவர்களின் நெருக்கடியான வீடுகளிலேயே வைத்தும் மருந்து கொடுத்துப் பார்த்தார்கள். 1959இல் வந்த முடிவு உலகத்தையே திருப்பிப் போட்டது. வீட்டில் இருந்தவர்களும் அதே அளவுக்குக் குணமானார்கள், கூட இருந்த குடும்பத்தாருக்கு அதனால் நோய் கூடுதலாக வரவும் இல்லை. ஆபத்து பெரும்பாலும் மருந்து தொடங்குவதற்கு முன்பு இருமிக்கொண்டிருந்த நாட்களில்தான். நான் அவசரப்படுத்துவது அதனால்தான்.

மீதி இருக்கும் அமாக்ஸிசிலினைப் பற்றி. 'ஆரம்பித்ததை முடிக்க வேண்டாமா?' என்று கேட்பீர்கள். இல்லாத நோய்க்கு ஏது முடிவு? நிறுத்துங்கள். பெனிசிலினைக் கண்டுபிடித்த அலெக்ஸாண்டர் ஃபிளெமிங் 1945 டிசம்பரில் நோபல் உரை ஆற்றும்போதே ஒரு கற்பனை மனிதரைப் பற்றிச் சொன்னார். தொண்டை வலி என்று தானே பெனிசிலின் வாங்கி, கிருமியைக் கொல்லப் போதாமல், மருந்தை எதிர்க்கக் கற்றுக்கொடுக்கும் அளவுக்கு மட்டும் சாப்பிடுகிறார். அந்தக் கிருமி மனைவிக்குத் தொற்றுகிறது, மருந்து வேலை செய்யாமல் மனைவி இறந்துபோகிறார். மருந்து கடைக்கு வந்த புதிதிலேயே சொன்னது இது. நாம் இன்னும் அலமாரியில் மீதி மாத்திரை சேர்த்துக்கொண்டிருக்கிறோம்.

உங்கள் மகனை ஏமாற்ற வேண்டாம். மழைத் தண்ணீரில் பத்து மிளகைப் போட்டு, மூடாமல் மூன்று வாரம் வைக்கச் சொல்லுங்கள். மிளகு ஏன் காரமாக இருக்கிறது, அதில் முள் இருக்கிறதோ என்று தெரிந்துகொள்ள லீவன்ஹூக் 1676இல் செய்தது ஏறக்குறைய அதுதான். முள் கிடைக்கவில்லை. தண்ணீரில் ஓடித் திரிந்த உயிர்களைக் கண்டார். பையன் ஒவ்வொரு நாளும் ஒரு துளி எடுத்துப் பார்த்து நோட்டில் வரையட்டும், பிறகு சோப்புப் போட்டுக் கை கழுவட்டும். சளிச் சோதனை முடிவு வந்ததும் எனக்கு எழுதுங்கள், அவன் வரைந்ததையும் சேர்த்து அனுப்புங்கள்.