பைன் ஹோவர்ஃப்ளை வாழும் இடம் எது, அது ஏன் இவ்வளவு அரிதானது?

பூவுக்கு மேலே அந்தரத்தில் நின்று பறக்குமே, அந்த ஈ வகைதான் ஹோவர்ஃப்ளை. கறுப்பு உடலும் சிவந்த வால்நுனியும் கொண்ட பைன் ஹோவர்ஃப்ளை ஐரோப்பாவின் மற்ற காடுகளிலும் உண்டு. பிரிட்டனில் மட்டும், ஸ்காட்லாந்தின் கெய்ர்ன்கார்ம்ஸ் பகுதிக்குள் ஒடுங்கிவிட்டது.

காடு இருந்தால் போதாதா என்று தோன்றும். போதாது. இதன் புழு வளர்வது அடிமரத்தின் அழுகிய குழியில் தேங்கும் தண்ணீரில். வயதான பைன் மரத்தின் நடுத்தண்டை ஒரு பூஞ்சை தின்று மென்மையாக்க வேண்டும். மரம் விழுந்தோ வெட்டப்பட்டோ அடிக்கட்டை மிஞ்ச வேண்டும். அதன் குழியில் மழைநீர் நிற்க வேண்டும். அந்தக் கலங்கல் நீரிலுள்ள பாக்டீரியாதான் புழுவின் சாப்பாடு. மரங்களை இளம் வயதிலேயே வெட்டிவிடும் தோட்டக்காடுகளில் இதெல்லாம் எங்கே நடக்கும்?

அதனால் ஆட்கள் ரம்பத்தால் அடிக்கட்டைகளில் குழி வெட்டி, மரத்தூளும் தண்ணீரும் நிரப்பி வைக்கிறார்கள். கேட்க வேடிக்கைதான், ஆனால் ஈ அதிலும் முட்டையிடுகிறது! ஸ்காட்லாந்து ராயல் விலங்கியல் சங்கம் கூண்டில் வளர்த்த புழுக்களையும் 2022-இல் காட்டில் விட்டார்கள்.

அப்புறம், வளர்ந்த ஈக்குத் தேனும் மகரந்தமும் தரும் பூக்கள் பக்கத்திலேயே இருக்க வேண்டும்.