பதில்: "ஒரே துணுக்கு திரும்பத் திரும்ப வருது" என்கிறார் இயக்குநர்

தம்பி, முறையாக இசை படிக்காமல் குறும்படத்துக்கு இசை போட்டிருக்கிறீர்கள். ஒரே துணுக்கு சுற்றிச் சுற்றி வருகிறது என்று இயக்குநர் சொன்னதும், வேலையை விட்டுவிட்டு இசைக் கல்லூரியில் சேரலாமா என்று கேட்கிறீர்கள். வேலையை விடாதீர்கள்.

ஜப்பானிய இசையமைப்பாளர் அகிரா இஃபுகுபேயைப் பாருங்கள். 1914இல் ஹொக்கைடோ தீவில் பிறந்தவர். இசையைத் தானாகவே கற்றவர், பட்டம் வாங்கியதோ வனவியலில். 1935இல் அவருடைய வாத்தியக்குழு இசை ரஷ்ய இசையமைப்பாளர் செரப்னின் நடத்திய போட்டியில் பரிசை வென்றது. அதன் பிறகும் காட்டிலாகா வேலைக்குத்தான் போனார். முதல் திரைப்பட இசை 1947இல், அதாவது 30 வயதைத் தாண்டிய பிறகு.

1954இல் அவர் இசையமைத்து வந்த, ராட்சத மிருகம் நகரத்தை அழிக்கும் 'காட்ஸில்லா' படத்தின் முகப்பிசையைக் காதில் ஹெட்போன் மாட்டிக்கொண்டு கேளுங்கள். ச நி த, ச நி த என்று மூன்று சுரம் இறங்கிக்கொண்டே இருக்கும். அந்தப் பிடிவாதம்தான் அதன் பலம்! அதே படத்தில், நகரம் அழிந்த பிறகு மாணவிகள் பாடும் பிரார்த்தனை மெதுவாக, நீளமாகப் போகும். முரட்டு இசைக்குப் பிறகு வருவதால்தான் அது நெஞ்சை அடைக்கிறது.

உங்கள் குறை திரும்ப வருவதில் இல்லை, எங்குமே நிற்காததில் இருக்கிறது என்று நினைக்கிறேன். துணுக்கை மாற்றாதீர்கள். இரண்டாம் முறை வேறு வாத்தியத்துக்குக் கொடுங்கள், முக்கியமான காட்சியில் சட்டென்று நிறுத்துங்கள்.

நல்ல கருவி இல்லை என்றும் எழுதியிருந்தீர்கள். காட்ஸில்லாவின் உறுமல், பிசின் தடவிய தோல் கையுறையால் டபுள்பாஸ் என்ற பெரிய வயலின் போன்ற வாத்தியத்தின் தளர்த்திய கம்பியைத் தேய்த்து, பதிவின் வேகத்தைக் குறைத்து எடுத்தது. உங்கள் பழைய கிதார் போதும். மாற்றியதும் இங்கே போடுங்கள், கட்டாயம் கேட்கிறேன்.