கேர்ஃபில்லி கோட்டையைச் சுற்றி ஏன் இவ்வளவு தண்ணீர்?

தெற்கு வேல்ஸில் உள்ள இந்தக் கோட்டையை கில்பர்ட் டி கிளேர் என்ற ஆங்கிலேயப் பிரபு 1268-இல் கட்டத் தொடங்கினார். வேல்ஸ் இளவரசர் லிவெலின் 1270-இல் அதைத் தாக்கி எரித்தார். மறு ஆண்டே வேலை மீண்டும் தொடங்கியது.

இது ஒரு நீர்க்கோட்டை, அதாவது ஏரிகளின் நடுவே நிற்கும் கோட்டை. அக்காலத்தில் மதிலை வீழ்த்த இரண்டு முக்கிய வழிகள்: கல்லெறியும் பொறியை அருகே கொண்டுவருவது, அடியில் சுரங்கம் தோண்டுவது. அகலமான நீர்ப்பரப்பு இரண்டையுமே தடுத்தது. எறும்பு ஏறாமலிருக்கச் சர்க்கரை டப்பாவைத் தண்ணீர்த் தட்டில் வைக்கிறோமே, அதே யோசனைதான்!

என்னை வியக்க வைப்பது கரைதான். கரை உடைந்தால் ஏரி வடிந்துவிடும். அதனால் அணைக்கட்டையே மதிலும் கோபுரங்களும் கொண்ட அரணாகக் கட்டினார்கள். பிற்காலத்தில் கோட்டை கைவிடப்பட்டது, ஏரிகள் வற்றின, கற்களை வீடு கட்ட எடுத்துப்போனார்கள். இன்று காணும் நீர் 20-ஆம் நூற்றாண்டில் மீண்டும் நிரப்பப்பட்டது.

அங்குள்ள சாய்ந்த கோபுரத்தை, 17-ஆம் நூற்றாண்டு உள்நாட்டுப் போரில் ஆங்கிலேய மன்னரை எதிர்த்த கிராம்வெல்லின் படை வெடிவைத்துச் சாய்த்தது என்று பலர் நம்புகிறார்கள். அதற்கு உறுதியான சான்று இல்லை, நிலம் அமிழ்ந்தும் அது சாய்ந்திருக்கலாம்.