'தி லைவ்ஸ் ஆஃப் அதர்ஸ்' படத்தில் ஒட்டுக்கேட்கும் அதிகாரியாக வரும் நடிகர் யார்? வேறு எதில் பார்க்கலாம்?

அவர் உல்ரிக் மூஹே. 1953இல் கிழக்கு ஜெர்மனியின் கிரிம்மாவில் பிறந்தவர். கட்டடத் தொழில் பயின்றார். ராணுவச் சேவையில் பெர்லின் சுவரில் காவல் நின்று, வயிற்றுப்புண்ணால் விடுவிக்கப்பட்டார். பிறகு லைப்சிக்கில் நாடகப் படிப்பு. 1983 முதல் பெர்லினின் டாய்ச்சஸ் தியேட்டர். 1989 நவம்பர் 4 அன்று கிழக்கு பெர்லினின் அலெக்சாண்டர்பிளாட்ஸ் சதுக்கத்தில் அரசியல் சீர்திருத்தம் கோரி நடந்த பேரணியில் மேடையேறிப் பேசியவர்களில் அவரும் ஒருவர்.

2006இல் வந்த இந்தப் படத்தில் அவருக்கு வசனம் குறைவு. பரணில் ஹெட்ஃபோனோடு உட்கார்ந்திருக்கும்போது கீழ்வீட்டில் பியானோ ஒலிக்கிறது. முகம் அசைவதில்லை, கண்ணீர் மட்டும் வழிகிறது. உணர்ச்சியைக் காட்டாமல் அடக்கி, அந்த அடக்குதலையே நமக்குக் காட்டுகிறார். மேடையில் வளர்ந்த நடிகர் கேமரா முன் இவ்வளவு சுருக்கமாக நடிப்பது அபூர்வம். ஐரோப்பியத் திரைப்பட விருதுகளில் சிறந்த நடிகர் விருது கிடைத்தது. 2007 பிப்ரவரியில் படம் ஆஸ்கர் வென்றது. ஜூலையில் வயிற்றுப் புற்றுநோயால் காலமானார், வயது 54.

ஜெர்மானியர்களுக்கு அவர் தொலைக்காட்சி முகமும்கூட: 1998 முதல் 2007 வரை 'டெர் லெட்ஸ்டே சோய்கே' தொடரில் தடயவியல் மருத்துவர் கோல்மார். அடுத்து ஹானெகே இயக்கிய 'பென்னிஸ் வீடியோ' (1992) பாருங்கள். அதே இயக்குநரின் 'ஃபன்னி கேம்ஸ்' (1997) மனதை மிகவும் வதைக்கும். தனியாக இரவில் வேண்டாம்.