உடோல்ஃபோவின் மர்மங்கள்: கேள்வி பதில்

கேள்வி: ஐயா, ரொம்பப் பெரிய நாவலாக இருக்கிறதே, எங்கிருந்து தொடங்கலாம்?

பதில்: முதல் பக்கத்திலிருந்துதான். ஆன் ராட்கிளிஃப் 1794இல் இதை நான்கு தொகுதிகளாக வெளியிட்டார். இத்தாலியில் இருக்கும் உடோல்ஃபோ கோட்டையே இரண்டாம் தொகுதியில்தான் வரும். அதுவரை மலைப் பயணமும் நாயகி எமிலியின் தந்தையின் நோயும் அவள் காதலும்தான். பொறுமை இழந்து பலர் இங்கேயே மூடிவைத்துவிடுகிறார்கள். நடுவே வரும் கவிதைகளை முதல் வாசிப்பில் தாண்டலாம், கதை அறுபடாது. தந்தை சாகும் தறுவாயில் சொல்வதைத் தாண்டாதீர்கள். சுருக்கப் பதிப்பு வேண்டவே வேண்டாம்.

கேள்வி: கோட்டையில் எமிலி பார்க்கும் கருப்புத் திரைக்குப் பின்னால் என்ன சார்?

பதில்: இரண்டாம் தொகுதி, 6ஆம் அத்தியாயம். எமிலி திரையை விலக்குகிறாள், மயங்கி விழுகிறாள். விடை நான்காம் தொகுதியில். படித்தே தெரிந்துகொள்ளுங்கள்.

கேள்வி: ஆசிரியர் இத்தாலியில் வாழ்ந்தவரா?

பதில்: இல்லை. அந்த மலைகளும் கோட்டைகளும் சால்வதோர் ரோசா, குளோட் லொரேன் போன்றோரின் ஓவியங்களிலிருந்தும் பயண நூல்களிலிருந்தும் வந்தவை.

கேள்வி: திரைக்குப் பின்னால் இருப்பது பிணமா, பேயா?

பதில்: மேலே பார்க்கவும்.

கேள்வி: பேய் வேலைபோல் தோன்றும் எல்லாவற்றுக்கும் கடைசியில் ராட்கிளிஃப் சாதாரணக் காரணம் சொல்லிவிடுகிறார். இது வாசகரை ஏமாற்றுவதில்லையா? நாவலாசிரியர் வால்டர் ஸ்காட்டே குறை சொன்னாரே.

பதில்: ஸ்காட்டோடு நான் உடன்படவில்லை. (முடிவு தெரிய வேண்டாம் என்பவர்கள் இந்தப் பதிலையும் அடுத்ததையும் விட்டுவிடுங்கள்.) உணர்ச்சிக்கு அடிமையாகாதே என்பதுதான் தந்தையின் கடைசி அறிவுரை. திரைக்குப் பின்னால் இருந்தது புழு அரித்த பிணம்போல் செய்த மெழுகுப் பொம்மை. உடோல்ஃபோ வம்சத்தில் ஒருவருக்குப் பாவப் பரிகாரமாக விதிக்கப்பட்டது. இன்னொரு முறை பார்க்கத் துணிந்திருந்தால் எமிலியின் பயம் அங்கேயே தீர்ந்திருக்கும் என்று கதைசொல்லியே சொல்கிறார். அவள் பார்க்கவில்லை, கோட்டையின் முன்னாள் சொந்தக்காரி லாரென்டினி கொலையுண்டாள், இது அவள் உடல் என்று நம்பி நடுங்குகிறாள். அறிவுரை தோற்கும் இடம் அது. நிஜப் பேய் வந்திருந்தால் அவள் பயம் நியாயமாகிவிடும், தந்தையின் பேச்சு வீணாகிவிடும்.

கேள்வி: அப்படியானால் அவள் என்ன கண்டாள் என்பதை எங்களிடம் மறைத்தது ஏன்? அவளுக்குத் தெரியுமே!

பதில்: இந்தக் குற்றச்சாட்டு வலுவானது. விளக்கம் சொன்னது குறையில்லை. நாயகி கண்டதை இரண்டு தொகுதிக்கு வாசகரிடம் மறைத்தது குறைதான். வேலைக்காரன் லுடோவிகோ பூட்டிய அறையிலிருந்து மறையும் பகுதியோடு ஒப்பிடுங்கள். அங்கே பாத்திரங்களுக்கும் தெரியாது, நமக்கும் தெரியாது. கடற்கொள்ளையர் கடத்தினார்கள் என்று தெரியவரும்போது கோபம் வருவதில்லை. திகில் அங்கே நேர்மையாக வேலை செய்கிறது.

கேள்வி: ஜேன் ஆஸ்டின் இதைக் கேலி செய்துதானே ஒழித்தார்?

பதில்: ஒழிக்கவில்லை. அவருடைய ‘நார்த்தாங்கர் அபே’ நாவலில் நாயகன் ஹென்றி டில்னி இதை இரண்டே நாளில் மயிர்க்கூச்செறியப் படித்து முடித்தவன். நாயகி கேத்தரினின் பேய்க் கற்பனைதான் பொய்க்கிறது. ஹென்றியின் தந்தை ஜெனரல் டில்னி கொடியவர் என்ற அவளுடைய உள்ளுணர்வு பொய்க்கவில்லை. ராட்கிளிஃபின் வில்லன், உடோல்ஃபோ கோட்டைக்காரன் மான்டோனியும் அப்படித்தான்: பேயை ஏவுபவனல்ல, மனைவியின் சொத்துக்காக அவளைப் பூட்டிவைப்பவன். சார்லட் பிராண்டேயின் ‘ஜேன் அயர்’ நாவல் வரை நீள்வது இந்தப் பூட்டிய அறைதான்.

கேள்வி: மாத்யூ லூயிஸின் ‘தி மாங்க்’ நாவல் பற்றி?

பதில்: 1796இல் வந்தது. அதில் பேய்கள் நிஜம். மற்றபடி அது வேறு ரகம், அதை நன்கு படித்தவரிடம் கேளுங்கள்.

கேள்வி: திரை ரகசியத்தை மட்டும் ஒரு வரியில் சொல்லுங்களேன். சுருக்கப் பதிப்பில் இருக்குமா?

பதில்: ரகசியம் மேலேயே இருக்கிறது. சுருக்கப் பதிப்பு வேண்டாம்.