பார்வையாளர்களே எல்லாவற்றையும் செய்துவிட்டால் நிகழ்த்துக் கலைஞருக்கு என்ன வேலை?

கலைஞர் சும்மா அமர்ந்திருக்க, வந்தவர்களே எல்லாவற்றையும் செய்யும் நிகழ்வில் கலைஞரின் உழைப்பு எங்கே இருக்கிறது என்று கேட்டிருக்கிறீர்கள். ஜப்பானியக் கலைஞர் யோகோ ஓனோவின் ‘கட் பீஸ்’ நிகழ்வின் படப்பதிவைப் பார்க்கும்வரை எனக்கும் இந்த ஐயம் இருந்தது.

1964-இல் ஜப்பானின் கியோட்டோவில் முதன்முதலாக நிகழ்த்தப்பட்ட அதன் விதி மிக எளியது. ஓனோ மேடையில் அமர்ந்திருப்பார். முன்னால் ஒரு கத்தரிக்கோல் இருக்கும். விரும்புபவர் ஒவ்வொருவராக வந்து அவருடைய உடையில் ஒரு துண்டை வெட்டி எடுத்துச் செல்லலாம். நான் பார்த்தது 1965-இல் நியூயார்க்கின் கார்னகி ரெசைட்டல் ஹாலில் எடுக்கப்பட்ட பதிவு. சிலர் கூச்சத்தோடு சிறு துண்டோடு நிறுத்திக்கொள்ள, ஓர் இளைஞர் மட்டும் அவசரமே இல்லாமல் வெட்டிக்கொண்டே போய், கடைசியில் உள்ளாடையின் தோள்பட்டிகளையும் அறுத்துவிடுகிறார். ஓனோ கைகளால் மார்பை மறைத்துக்கொள்கிறார். எழுந்து போகவும் இல்லை, தடுக்கவும் இல்லை. அந்த அசையாமைதான் அவருடைய உழைப்பு என்பது எனக்கு அப்போது விளங்கியது.

இவ்வகைக் கலையில் கலைஞர் உருவாக்குவது விதியைத்தான். பார்வையாளரின் செயல்கள் அந்த விதிக்குள் கிடைக்கும் மூலப்பொருள். ஆகவே விதி எப்படியோ, விளைவும் பெரும்பாலும் அப்படியே அமைகிறது. 1974-இல் இத்தாலியின் நேப்பிள்ஸில் செர்பியக் கலைஞர் மரினா அப்ரமோவிச் நிகழ்த்திய ‘ரிதம் 0’ இதற்குச் சான்று. ரோஜா, தேன், கத்தரிக்கோல், துப்பாக்கி, ஒரு தோட்டா என 72 பொருள்களை மேசையில் பரப்பி, இவற்றை என்மீது விருப்பம்போல் பயன்படுத்தலாம், முழுப் பொறுப்பும் என்னுடையது என்று எழுதி வைத்துவிட்டு அவர் 6 மணி நேரம் நின்றார். உடையைக் கிழித்தார்கள், துப்பாக்கியையும் அவர்மீது குறிவைத்தார்கள். மனிதரின் இயல்பான கொடுமைக்கு ஆதாரமாக இதைப் பலரும் எடுத்துக்காட்டுகிறார்கள். நான் அதை ஏற்பதில்லை. தோட்டாவை மேசையில் வைத்ததும், பொறுப்பை வந்தவர்களின் தோளிலிருந்து இறக்கியதும் கலைஞரே. (புகழில் இது ‘கட் பீஸ்’ நிகழ்வை விஞ்சிவிட்டது, என் மதிப்பீட்டில் ஓனோவின் விதியே நுட்பமானது.)

கலைஞர் அருகில் இருக்க வேண்டிய கட்டாயம்கூட இல்லை. பிரேசிலைச் சேர்ந்த லிஜியா கிளார்க் 1963-இல் வகுத்த ‘காமின்யாண்டோ’வை நீங்களே செய்து பார்க்கலாம். ஒரு காகிதப் பட்டையின் ஒரு முனையை அரைச்சுற்று முறுக்கி, இரு முனைகளையும் ஒட்டி வளையமாக்குங்கள். பட்டையின் நடுவே துளையிட்டு நீளவாக்கில் வெட்டிக்கொண்டே போங்கள். தொடங்கிய இடத்துக்குத் திரும்பும்போது பழைய வெட்டில் சேராமல் வலப்புறமோ இடப்புறமோ விலகித் தொடருங்கள். நான் செய்தபோது பட்டை நீண்டு, நூலளவுக்கு மெலிந்து, இனி வெட்ட இடமில்லை என்ற நிலைக்கு வந்தது. கிளார்க் 1988-இலேயே காலமாகிவிட்டார். ஆனாலும் ஒவ்வொரு சுற்றிலும் வலமா இடமா என்று என் கையைத் தயங்க வைத்தவர் அவர்தான்.