கேமை எடுத்தும் இடம் வரவில்லையா? தருமபுரி, கிருஷ்ணகிரி வாசகர்களின் கேள்விகளும் பதில்களும்

பள்ளி, கல்லூரி திறக்கும் ஜூன் மாதம் வந்தால் எனக்கு வரும் கேள்விகள் பெரும்பாலும் ஒரே மாதிரி இருக்கும். மே மாத விடுமுறையில் கம்ப்யூட்டரில் ஏற்றிய கேம்களை எப்படி எடுப்பது என்பதுதான் அது. இந்த முறை வந்தவற்றில் பலருக்கும் பயன்படுவதை இங்கே எடுத்துக்கொண்டேன்.

பதில்களுக்கு முன் ஒன்று. ஒரு கேமுக்கு நான்கு பாகங்கள் உண்டு: கேமின் கோப்புகள், அதைத் திறக்கும் லாஞ்சர், நீங்கள் விளையாடிச் சேர்த்த சேவ், இணையத்தில் இருக்கும் அக்கவுண்ட். ஒன்றை எடுத்தால் மற்ற மூன்றும் போய்விடும் என்று நினைக்க வேண்டாம். அதே சமயம், போகக் கூடாத ஒன்று கூடவே போய்விடவும் வாய்ப்பு உண்டு. எதை எடுக்கிறோம், எதை வைத்துக்கொள்கிறோம் என்று முதலில் தெரிந்துகொண்டு அப்புறம் பட்டனைத் தொடுங்கள்.

டெஸ்க்டாப்பில் இருந்த கேம் ஐகான்களை எல்லாம் டெலிட் செய்து ரீசைக்கிள் பின்னையும் காலி செய்துவிட்டேன். சி டிரைவ் இன்னும் சிவப்பாகவே இருக்கிறது, ஏன்? (அரூர்)

நீங்கள் அழித்தது ஷார்ட்கட்டை மட்டும்தான். அது சில கேபி அளவுள்ள சின்னக் கோப்பு. கேம் அப்படியே உள்ளே இருக்கிறது. விண்டோஸ் 11 என்றால் செட்டிங்ஸ், ஆப்ஸ், இன்ஸ்டால்டு ஆப்ஸ் என்று போங்கள். விண்டோஸ் 10 என்றால் ஆப்ஸ் அண்ட் ஃபீச்சர்ஸ். பட்டியலை சைஸ் வாரியாக வரிசைப்படுத்தினால் பெரியது மேலே வரும். சில கேம்களுக்கு அந்த இடத்தில் அளவே காட்டாது, அதனால் பட்டியலை மட்டும் நம்பாமல் கேம் இருக்கும் ஃபோல்டரை ரைட் கிளிக் செய்து ப்ராபர்ட்டீஸிலும் பாருங்கள்.

ஒரே ஒரு கேமை எடுக்க நினைத்து ஸ்டீமையே அன்இன்ஸ்டால் செய்துவிட்டேன். காசு கொடுத்து வாங்கிய கேம் எல்லாம் போய்விட்டதா அண்ணா? (ஓசூர்)

வாங்கியது போகாது தம்பி. ஸ்டீம் என்பது கேம்களை வாங்கி இறக்கித் திறக்கும் லாஞ்சர்தான், வாங்கியது உங்கள் அக்கவுண்டில் இருக்கிறது. ஸ்டீமை மறுபடி போட்டு லாகின் செய்தால் லைப்ரரியில் எல்லாம் தெரியும். ஆனால் கம்ப்யூட்டரில் இறக்கி வைத்திருந்த கோப்புகள் போயிருக்கும். ஸ்டீமை எடுக்கும்போது அதன் ஃபோல்டருக்குள் இருக்கும் ஸ்டீம்ஆப்ஸ் என்ற பகுதியும் சேர்ந்து அழிகிறது, கேம்கள் எல்லாம் இருப்பது அங்கேதான். டி டிரைவில் தனியாக இன்னொரு லைப்ரரி வைத்திருந்தால் அது தப்பித்திருக்கும். ஸ்டீமில் ஸ்டோரேஜ் பக்கம் போய் அந்த ஃபோல்டரைக் காட்டிக் கொடுத்தால் போதும்.

திரும்ப இறக்குவதற்கு முன் ஒரு கணக்குப் போட்டுப் பாருங்கள். 100 ஜிபி கேமை 30 எம்பிபிஎஸ் ஃபைபர் இணைப்பில் இறக்க, வேகம் கொஞ்சமும் குறையாமல் வந்தாலே ஏழரை மணி நேரம் பிடிக்கும். தினம் 2 ஜிபி தரும் மொபைல் பிளானில் இறக்க நினைத்தால் 50 நாள் டேட்டா முழுவதும் அதற்கே போகும். அதனால்தான் மலையோர ஊர்களிலிருந்து கேட்கிறவர்களிடம், எடுப்பதற்கு முன் ஒரு எக்ஸ்டெர்னல் ஹார்ட் டிஸ்க்கில் காப்பி எடுத்துக்கொள்ளுங்கள் என்று வற்புறுத்திச் சொல்கிறேன். அதற்கென்றே ஸ்டீமில் பேக்கப் வசதி இருக்கிறது. இடம்தான் பிரச்சினை என்றால் அழிக்கவே வேண்டாம். கேமின் ப்ராபர்ட்டீஸில், இன்ஸ்டால்டு ஃபைல்ஸ் பகுதியில், வேறு டிரைவுக்கு மாற்றும் வழி உண்டு.

ஒரு கேமை மட்டும் எடுக்க: லைப்ரரியில் அதன் பெயரை ரைட் கிளிக் செய்து, மேனேஜ், அன்இன்ஸ்டால். எபிக் என்ற இன்னொரு லாஞ்சரில் பெயருக்குப் பக்கத்தில் இருக்கும் மூன்று புள்ளியை அழுத்தினால் அதே வழி வரும்.

தம்பி, பையன் இந்த வருஷம் ப்ளஸ் டூ. ராத்திரி பகலாக மைன்கிராஃப்ட் என்று உட்கார்ந்திருக்கிறான். அவன் ஸ்கூலுக்குப் போயிருக்கும்போது அழித்துவிட்டு, வைரஸ் வந்து போய்விட்டது என்று சொல்லிவிடலாமா? எப்படி அழிப்பது என்று மட்டும் சொல்லுங்கள். (பாலக்கோடு)

அழிக்கும் வழியைச் சொல்கிறேன் அம்மா. அதற்கு முன் நான் சொல்வதைக் கொஞ்சம் கேளுங்கள்.

முதல் விஷயம், இது பலிக்காது. கேமை எடுத்தாலும் அக்கவுண்ட் அவனிடம் இருக்கும். சாயந்திரம் வந்து லாகின் செய்தால், நல்ல இணைப்பாக இருந்தால் சாப்பிடக் கூப்பிடுவதற்குள் திரும்ப ஏற்றிவிடுவான். வைரஸ் இல்லை என்பதும் அவனுக்கு அப்போதே தெரிந்துவிடும். அந்தக் கம்ப்யூட்டரைப் பற்றி உங்களைவிட அவனுக்கு அதிகம் தெரியும்.

இரண்டாவது விஷயத்தைத்தான் நான் பெரிதாக நினைக்கிறேன். மைன்கிராஃப்ட் விளையாடுகிறவன் வெறுமனே சுட்டுக்கொண்டிருப்பதில்லை. கட்டை கட்டையாக வைத்து வீடு, ஊர், கோட்டை என்று கட்டுவான். சில பிள்ளைகள் ஏழாம் வகுப்பில் தொடங்கிய உலகத்தை ப்ளஸ் டூ வரை கட்டிக்கொண்டிருக்கிறார்கள். அவன் கையால் செய்த வேலை அது. கேமைத் திரும்ப இறக்கலாம், அந்த உலகத்தை எங்கிருந்தும் இறக்க முடியாது. அதை அவனுக்குத் தெரியாமல் அழித்தால் அந்தக் கோபம் பரீட்சை முடிந்தாலும் ஆறாது. அழித்த அன்றைக்கே அவன் படிக்க உட்காருவான் என்றும் எனக்குத் தோன்றவில்லை.

அதனால் அவனை வைத்துக்கொண்டே செய்யுங்கள். 16 ஜிபி பென்டிரைவ் ஒன்று வாங்குங்கள், பெரும்பாலும் அதுவே போதும். மைன்கிராஃப்டில் ஜாவா, பெட்ராக் என்று இரண்டு வகை உண்டு. அவனிடம் இருப்பது ஜாவா எடிஷன் என்றால், விண்டோஸ் பட்டனோடு ஆர் எழுத்தை அழுத்தி, ஆப்டேட்டா என்பதை முன்னும் பின்னும் சதவீதக் குறி போட்டு ஆங்கிலத்தில் டைப் செய்தால் ஒரு ஃபோல்டர் திறக்கும். அதற்குள், புள்ளியில் தொடங்கும் மைன்கிராஃப்ட் என்ற ஃபோல்டர், அதற்குள் சேவ்ஸ். அதை முழுசாகப் பென்டிரைவில் காப்பி செய்ய வேண்டும். பெட்ராக் எடிஷன் என்றால் இன்னும் கவனம் தேவை, கேமை எடுக்கும்போது உலகமும் சேர்ந்து போய்விடலாம். கேமுக்குள்ளேயே ஒவ்வொரு உலகத்துக்கும் பக்கத்தில் இருக்கும் பென்சில் படத்தைத் தொட்டு எக்ஸ்போர்ட் வேர்ல்ட் கொடுத்துக் கோப்பாகச் சேமிக்க வேண்டும். இதையெல்லாம் அவனே செய்யட்டும், அவனுக்குத் தெரியும். காப்பி சரியாக வந்திருக்கிறதா என்று அவனே திறந்து பார்த்த பிறகு, செட்டிங்ஸில் ஆப்ஸ் பகுதிக்குப் போய் மைன்கிராஃப்டை அன்இன்ஸ்டால் செய்யுங்கள். பென்டிரைவ் உங்கள் பீரோவில் இருக்கட்டும். பொதுத்தேர்வு முடிந்த அன்றைக்குத் தருவதாகச் சொல்லுங்கள், சொன்னபடி கொடுத்தும்விடுங்கள்.

அவ்வளவு தூரம் போக வேண்டாம், நேரம் குறைந்தால் போதும் என்று தோன்றினால், மைக்ரோசாஃப்ட் ஃபேமிலி சேஃப்டி என்று இலவச வசதி இருக்கிறது. பையனுடைய அக்கவுண்டை உங்கள் குடும்பக் கணக்கில் சேர்த்து, தினம் இத்தனை மணி நேரம் என்று வரம்பு வைக்கலாம். அதையும் அவனுக்குச் சொல்லியே செய்யுங்கள்.

வாலரன்ட் கேமை எடுத்துவிட்டேன். ஆனாலும் கீழே கடிகாரத்துக்குப் பக்கத்தில் ஒரு சிவப்பு ஐகான் வந்துகொண்டே இருக்கிறது. (பென்னாகரம்)

அது ரயட் வேன்கார்ட். கேமில் ஏமாற்று வேலை நடக்காமல் பார்த்துக்கொள்ளும் தனி சாஃப்ட்வேர். கம்ப்யூட்டர் ஆன் ஆகும்போதே ஓடத் தொடங்கிவிடும். ஐகானை ரைட் கிளிக் செய்து எக்ஸிட் கொடுங்கள், அப்புறம் ஆப்ஸ் பட்டியலில் ரயட் வேன்கார்ட் என்று தனியாக இருப்பதை அன்இன்ஸ்டால் செய்து ரீஸ்டார்ட் செய்யுங்கள். லீக் ஆஃப் லெஜண்ட்ஸ் விளையாடுகிறவர்கள் இதை எடுக்க வேண்டாம், 2024 முதல் அதற்கும் வேன்கார்ட் வேண்டும்.

புளூஸ்டாக்ஸ் போட்டு அதில் ஃப்ரீ ஃபயர் விளையாடினேன். கேமை உள்ளே அன்இன்ஸ்டால் செய்தும் சி டிரைவில் இடம் கூடவே இல்லை. (ஊத்தங்கரை)

புளூஸ்டாக்ஸ் ஒரு எமுலேட்டர், அதாவது கம்ப்யூட்டருக்குள் ஒரு போன். அந்தப் போனின் மெமரி முழுவதும் ஒரு பெரிய கோப்பாக உங்கள் டிரைவில் இருக்கிறது. கேமை ஏற்ற ஏற்ற அந்தக் கோப்பு வளரும், உள்ளே எதை அழித்தாலும் அது தானாகச் சுருங்காது. புளூஸ்டாக்ஸின் மல்டி இன்ஸ்டன்ஸ் மேனேஜரில் டிஸ்க் கிளீனப் இருக்கிறது, அதை ஓட்டிப் பாருங்கள். இனி எமுலேட்டரே தேவையில்லை என்றால் புளூஸ்டாக்ஸையே எடுத்துவிடுங்கள். எடுத்த பிறகு சி டிரைவில் புரோகிராம்டேட்டா என்ற மறைவான ஃபோல்டருக்குள் அதன் பெயரில் ஏதாவது மிச்சம் இருந்தால் அழிக்கலாம்.

இதிலும் ஒரு எச்சரிக்கை. கெஸ்ட் அக்கவுண்டில் விளையாடியிருந்தால் எமுலேட்டரோடு அதுவும் போய்விடும். வேண்டுமானால் எடுப்பதற்கு முன்பே கூகுள் அக்கவுண்டோடு இணைத்துக்கொள்ளுங்கள். ஃப்ரீ ஃபயர் 2022 பிப்ரவரியில் இந்தியாவில் தடை செய்யப்பட்டது. அதன் பிறகு எங்கெங்கோ கிடைக்கும் ஏபிகே கோப்பை (ஆண்ட்ராய்டு செயலியை நேரடியாக ஏற்றும் கோப்பு) இறக்கிப் போட்டிருந்தால், அந்த எமுலேட்டரில் கொடுத்த கூகுள் பாஸ்வேர்டை மாற்றிவிடுங்கள்.

நண்பன் பென்டிரைவில் கொடுத்த கேம். அன்இன்ஸ்டால் கொடுத்தால் எரர் வருகிறது. ஃபோல்டரையே ஷிஃப்ட் டெலிட் செய்துவிடலாமா? (காவேரிப்பட்டணம்)

செய்யலாம், ஆனால் கடைசி வழியாக. முதலில் டாஸ்க் மேனேஜரில் கேமும் அதன் லாஞ்சரும் ஓடவில்லை என்று உறுதி செய்துகொண்டு ரீஸ்டார்ட் செய்து மறுபடி முயலுங்கள். கோப்பு பயன்பாட்டில் இருக்கிறது என்று வரும் எரர் பெரும்பாலும் இதிலேயே தீர்ந்துவிடும். இல்லையென்றால் கேம் ஃபோல்டருக்குள் அன்இன்ஸ் என்று தொடங்கும் கோப்பு இருக்கிறதா என்று பார்த்து அதை ஓட்டுங்கள். அதுவும் இல்லை என்றால் அந்தக் கேமின் ஃபோல்டரை மட்டும் அழியுங்கள். விண்டோஸ் ஃபோல்டர், காமன் ஃபைல்ஸ், விஷுவல் சி ப்ளஸ் ப்ளஸ் என்று பட்டியலில் வரிசையாக இருப்பவை எதையும் தொடக் கூடாது. வேறு சாஃப்ட்வேர்களும் அவற்றை நம்பித்தான் ஓடுகின்றன. ஃபோல்டர் போன பிறகும் பெயர் மட்டும் பட்டியலில் நின்றால், கன்ட்ரோல் பேனலில் ப்ரோகிராம்ஸ் அண்ட் ஃபீச்சர்ஸுக்குப் போய் அதன் மேல் டபுள் கிளிக் செய்யுங்கள். ஏற்கெனவே நீக்கப்பட்டிருக்கலாம், பட்டியலிலிருந்து எடுக்கவா என்று கேட்டால் யெஸ் கொடுங்கள்.

சேவ் வேண்டும் என்றால் முதலில் டாக்குமென்ட்ஸ் ஃபோல்டரைப் பாருங்கள். ஜிடிஏ வைஸ் சிட்டி, சான் ஆண்ட்ரியாஸ் போன்ற பழைய கேம்கள் சேவை அங்கேதான் தங்கள் பெயரில் ஃபோல்டர் போட்டு வைக்கும்.

உங்கள் கேள்வியில் எனக்குக் கவலை தந்தது எரர் இல்லை, பென்டிரைவில் கைமாறி வந்த கேம் என்பது. அப்படிப்பட்டவற்றை ஏற்றும்போது ஆன்டிவைரஸை நிறுத்தச் சொல்வார்கள், அல்லது அந்த ஃபோல்டரை ஸ்கேன் செய்யாதே என்று விதிவிலக்கு போடச் சொல்வார்கள். கேமை எடுத்தாலும் அந்த விதிவிலக்கு அப்படியே நிற்கும், அது திறந்து கிடக்கும் வழி. விண்டோஸ் செக்யூரிட்டியில் வைரஸ் அண்ட் த்ரெட் ப்ரொடெக்ஷன், மேனேஜ் செட்டிங்ஸ், கடைசியில் எக்ஸ்க்ளூஷன்ஸ். அங்கே இருப்பதை நீக்கிவிட்டு ஒரு ஃபுல் ஸ்கேன் ஓட்டுங்கள். சும்மா இருக்கும்போதும் ஃபேன் இரைந்துகொண்டே இருந்தால் இதை இன்றைக்கே செய்யுங்கள். உங்கள் மெஷினை வைத்து வேறொருவருக்கு கிரிப்டோ காசு சேர்க்கும் புரோகிராம்கள் இப்படித்தான் உள்ளே வருகின்றன.

2011 திட்டத்தில் அக்காவுக்கு அரசு கொடுத்த லேப்டாப். கேம் எல்லாம் எடுத்த பிறகும் மெதுவாகத்தான் இருக்கிறது. ரெஜிஸ்ட்ரி கிளீனர் வாங்கலாமா? (கிருஷ்ணகிரி)

வாங்காதீர்கள். ஓடாத கேம் கம்ப்யூட்டரை மெதுவாக்குவதில்லை, அது இடத்தை மட்டும்தான் அடைக்கும். விண்டோஸ் தன் செட்டிங்ஸை எழுதி வைக்கும் ரெஜிஸ்ட்ரியில் மிச்சம் நிற்கும் சில வரிகளாலும் வேகம் குறையாது. அவற்றைச் சுத்தம் செய்கிறேன் என்று வரும் சாஃப்ட்வேர்கள் தேவையானதையும் சேர்த்து எடுத்துவிட்டால் விண்டோஸே கிளம்பாமல் போகலாம். டாஸ்க் மேனேஜரில் ஸ்டார்ட்டப் பகுதியைத் திறந்து ஸ்டீம், எபிக் போன்ற லாஞ்சர்கள் இருந்தால் டிஸேபிள் செய்யுங்கள். அந்தப் பணத்தைச் சேர்த்து வைத்து, பழைய ஹார்ட் டிஸ்க்குக்குப் பதிலாக அதைவிட வேகமான எஸ்எஸ்டி ஒன்றைப் போடுங்கள். வித்தியாசம் முதல் நாளே தெரியும். அந்த லேப்டாப்களில் விண்டோஸோடு பாஸ் லினக்ஸ் என்ற இன்னொரு இயங்குதளமும் போட்டுக் கொடுத்திருந்தார்கள். வீட்டுப்பாடம், இணையம், டைப்பிங் என்ற அளவில் போதும் என்றால் லினக்ஸையே முழுதாகப் பயன்படுத்தலாம்.

கல்லூரி முடிந்தது. என் பிசியை ஜூனியருக்கு விற்கிறேன். கேம்களை எடுத்துவிட்டால் போதுமா? (பர்கூர்)

போதாது. கேம்களை ஒவ்வொன்றாக எடுத்து நேரத்தை வீணாக்கவும் வேண்டாம். சேவ்களையும் படங்களையும் காப்பி எடுத்துக்கொண்டு, எல்லா லாஞ்சரிலும் பிரவுசரிலும் லாகவுட் செய்துவிட்டு, விண்டோஸ் 11 என்றால் செட்டிங்ஸ், சிஸ்டம், ரிகவரி, ரீசெட் திஸ் பிசி, அதில் ரிமூவ் எவ்ரிதிங். சேஞ்ச் செட்டிங்ஸில் கிளீன் டேட்டா என்பதையும் ஆன் செய்யுங்கள், நேரம் அதிகம் பிடிக்கும், ஆனால் அழித்த கோப்புகளைத் திரும்ப எடுப்பது கடினமாகிவிடும். ஸ்டீம் அக்கவுண்டையும் சேர்த்து விற்கலாமா என்று கேட்டிருந்தீர்கள். அது அவர்களுடைய விதிக்கு எதிரானது, அக்கவுண்டே முடக்கப்படலாம்.

கேம் பாஸ் கேம்களை எல்லாம் எடுத்துவிட்டேன். மாதாமாதம் பணம் போவது நின்றுவிடுமா? (தேன்கனிக்கோட்டை)

நிற்காது. கேம் பாஸ் என்பது மாதச் சந்தா. மைக்ரோசாஃப்ட் அக்கவுண்டில் சர்வீசஸ் அண்ட் சப்ஸ்கிரிப்ஷன்ஸ் பகுதியில் அதைத் தனியாக ரத்து செய்ய வேண்டும். யுபிஐ வழியாகக் கட்டியிருந்தால் உங்கள் யுபிஐ செயலியில் ஆட்டோபே பட்டியலையும் பார்த்து, இன்னும் உயிரோடு இருந்தால் அங்கேயும் ரத்து செய்யுங்கள். அடுத்த கட்டணத் தேதிக்கு இரண்டு மூன்று நாள் முன்பே செய்துவிடுவது நல்லது.